செட்டிநாட்டில் விடுதலைப் போர் – 23: சிறை சென்றதற்குச் சாட்சி யார்?

தேவகோட்டை நீதிமன்றம் தீக்கிரையானதையும், திருவாடானைச் சிறையை மக்கள் உடைத்துச் சின்ன அண்ணாமலையை மீட்டு வந்ததையும் சென்ற இரண்டு இதழ்களில் பார்த்தோம். அது 1942 ஆகஸ்ட் மாதம். சின்ன அண்ணாமலைக்கு அப்போது 22 வயது. அவர் பின்னாளில் சென்னை போய்த் தமிழ்ப் பண்ணை பதிப்பகம் நடத்தினார், அந்த நாட்களின் கதையைத் தம் புத்தகத்திலும் எழுதி வைத்தார். அவரை மீட்கத் திரண்டவர்கள் கதை எழுதவில்லை. வயலுக்கும் கடைக்கும் திரும்பிப் போனார்கள். போலீஸ் தேடலுக்குப் பயந்து சிலர் ஊரை விட்டே போனார்கள். முப்பது ஆண்டு கழித்து அவர்கள் முன்னால் ஒரு விண்ணப்பப் படிவம் வந்து சேர்ந்தது. இந்த அத்தியாயம் அந்தப் படிவத்தைப் பற்றியது.

சுதந்திர வெள்ளிவிழா ஆண்டில், 1972 ஆகஸ்ட் 15 அன்று, மத்திய அரசு விடுதலைப் போராட்ட வீரர்களுக்கான ஓய்வூதியத் திட்டத்தைத் தொடங்கியது. அதற்கு மூன்று ஆண்டு முன்னதாகவே, 1969இல், அந்தமான் சிறையில் இருந்தவர்களுக்கு மட்டும் ஒரு திட்டம் வந்திருந்தது. 1972இல் தியாகிக்கு மாதம் 200 ரூபாய். ஆண்டு வருமானம் 5,000 ரூபாய்க்கு மேல் இருந்தால் கிடையாது. 1980 ஆகஸ்ட் 1 முதல் அந்த வருமான வரம்பை நீக்கி, தொகையை 300 ஆக்கி, சுதந்திரதா சைனிக் சம்மான் என்று பெயரும் மாற்றினார்கள். கஷ்டப்படுகிறவருக்கு உதவி என்ற நிலையிலிருந்து தியாகம் செய்தவருக்கு மரியாதை என்ற நிலைக்குத் திட்டம் நகர்ந்தது. நம் பக்கத்தில் இரண்டுக்கும் ஒரே பெயர்தான், தியாகி பென்ஷன்.

யாருக்கு உண்டு? குறைந்தது ஆறு மாதம் சிறையில் இருந்திருக்க வேண்டும். பெண்களுக்கும் ஆதிதிராவிடர், பழங்குடியினருக்கும் மூன்று மாதம் போதும். விட்டுவிட்டுச் சிறை சென்றிருந்தால் கூட்டிக் கணக்கிடலாம். ஆறு மாதத்துக்கு மேல் தலைமறைவாக இருந்தவருக்கும் உண்டு. ஆனால் அவரைத் தேடப்படும் குற்றவாளி என்று அரசு அறிவித்திருக்க வேண்டும், அல்லது தலைக்கு விலை வைத்திருக்க வேண்டும், அல்லது பிறப்பித்த காவல் உத்தரவு அவர் கையில் சேராமல் இருந்திருக்க வேண்டும். சொத்து பறிபோனவர், அரசு வேலை இழந்தவர், துப்பாக்கிச் சூட்டிலோ தடியடியிலோ நிரந்தரமாக ஊனமானவர், பத்துக் கசையடி பட்டவர் என்று பட்டியல் நீள்கிறது. உயிர்த்தியாகம் செய்தவரின் குடும்பத்துக்கும் உண்டு. படித்தால் தாராளமான விதிகளாகவே தெரியும். இவற்றில் எதுவானாலும் ஆதாரம் வேண்டும். முதல் ஆதாரமாக அரசு கேட்டது வெள்ளைக்காரன் ஆட்சியின் சிறைப் பதிவேட்டையும் நீதிமன்றத் தீர்ப்பையும்தான்.

செட்டிநாட்டு 1942ஐ இந்த விதிகளுக்குள் வைத்துப் பாருங்கள். சிறையை உடைத்தவனுக்குச் சிறைப் பதிவேட்டில் இடம் ஏது? பிடிபட்டால்தான் பெயர் ஏறும். பிடிபடாமல் அடுத்த தாலுகாவில் மாமன் வீட்டுக் களத்தில் எட்டு மாதம் ஒளிந்திருந்தவனைத் தேடப்படும் குற்றவாளி என்று அறிவிக்கப் போலீசுக்கு முதலில் அவன் பெயர் தெரிந்திருக்க வேண்டும். ஊர் அறிந்த தலைவர்கள்மேல் வாரண்ட் இருந்தது, உளவுத்துறைக் குறிப்பு இருந்தது, பத்திரிகைச் செய்தி இருந்தது. கூட்டத்தோடு வந்து கடப்பாரை பிடித்தவனுக்கு அவன் ஊர்க்காரர்களின் நினைவு ஒன்றே இருந்தது. போராட்டத்தில் ஒருவன் எவ்வளவு சாமர்த்தியமாகத் தப்பித்தானோ அவ்வளவுக்கு அவன் கையில் காகிதம் குறைந்தது. திட்டம் வகுத்தவர்கள் இதை யோசிக்காமல் இல்லை. தலைமறைவுக்கு இடம் கொடுத்ததே அதனால்தான். ஆனாலும் சிறைவாசம்தான் தியாகத்தின் அளவுகோல் என்ற எண்ணம் விதிகளின் அடியில் ஓடிக்கொண்டே இருந்தது. அதற்குக் கொடுத்த விலையை நம் மாவட்டத்துக் கிராமங்கள் அறியும்.

சிறை சென்றவர்களுக்காவது எளிதாக இருந்ததா என்றால் அதுவும் இல்லை. ஒரு தண்டனைக் கைதியின் காகிதம் எங்கெல்லாம் பயணம் செய்தது என்று பார்த்தால் காரணம் விளங்கும். மாஜிஸ்திரேட் தண்டனை விதித்ததும் வாரண்ட் ஒன்று கைதியோடு சிறைக்குப் போகும். சிறையில் சேர்க்கைப் பதிவேட்டில் பெயர், தகப்பன் பெயர், ஊர், குற்றப் பிரிவு, தண்டனைக் காலம் எல்லாம் ஏறும். தண்டனை முடிந்து ஆளை விட்டதும், நிறைவேற்றிய விதத்தை எழுதி அந்த வாரண்டைத் தீர்ப்பளித்த நீதிமன்றத்துக்கே திருப்பி அனுப்ப வேண்டும் என்பது சட்டம். ஆக ஆதாரம் இரண்டே இடத்தில் இருக்கும். ஒன்று சிறை, மற்றொன்று நீதிமன்றம். நீதிமன்றங்கள் பழைய கிரிமினல் கட்டுகளைக் குறிப்பிட்ட ஆண்டுகளுக்குப் பின் அழித்துவிடும். தேவகோட்டையிலோ கட்டடமே எரிந்தது. அதற்குள் எந்தக் கட்டு இருந்தது, எது போயிற்று என்று ஒரு சம்சாரிக்கு எப்படித் தெரியும்?

சிறைகளின் கதை இன்னும் சிக்கல். சென்னை மாகாணத்தில் அரசியல் கைதிகளை ஒரே சிறையில் வைக்க மாட்டார்கள். ஊர்க்காரர்கள் வந்து கூடாதபடி தூரமாக அனுப்புவார்கள். மதுரை, திருச்சி, வேலூர் போக, பெல்லாரியில் அலிப்புரம், மலபாரில் கண்ணூர், கோதாவரிக் கரையில் ராஜமுந்திரி என்று தமிழகத்துக் கைதிகள் சிதறிக் கிடந்தார்கள். 1953இல் ராஜமுந்திரி ஆந்திர மாநிலத்தோடு போனது, பெல்லாரி மைசூரோடு சேர்ந்தது. 1956இல் கண்ணூர் கேரளமாயிற்று. காரைக்குடிக்காரர் ஒருவர் தமிழ்நாட்டு அரசு வழியாக மனுப் போட, அவருடைய சிறைச் சான்று வேறொரு மாநிலத்தின் சிறைத்துறையிலிருந்து வர வேண்டியதாயிற்று. கடிதம் போய், பதில் வந்து, பதிலில் தகப்பன் பெயர் வேறாக இருந்து, மறுபடி கடிதம் போக வேண்டும். இங்கிலீஷில் எழுதிய வார்டர் ஒருவன் நம் ஊர்ப் பெயர்களை எப்படிக் காதில் வாங்கினானோ அப்படித்தான் பதிவேட்டில் இருக்கும். செட்டிநாட்டில் பாதி ஆண்பிள்ளைகள் பெயர் அழகப்பன், அண்ணாமலை, சிதம்பரம், லட்சுமணன், நாச்சியப்பன். ஒரே பெயரில் ஒரே தாலுகாவில் எத்தனை பேர்!

மாவட்ட எல்லையும் மாறியது. போராட்ட காலத்தில் காரைக்குடி, தேவகோட்டை, திருவாடானை எல்லாம் ராமநாதபுரம் மாவட்டம், கலெக்டர் ஆபீஸ் இருந்தது மதுரையில். 1985இல் அந்த மாவட்டத்தை மூன்றாகப் பிரித்தபோது தேவகோட்டை நம் சிவகங்கைப் பக்கமும் திருவாடானை ராமநாதபுரம் பக்கமும் போயின. ஒரே போராட்டத்தின் இரண்டு காட்சிகள் இரண்டு மாவட்டங்களாயின. அந்தப் போராட்டத்தில் கலந்துகொண்டேன் என்று மனுக் கொடுத்தவர் எந்த கலெக்டர் ஆபீசில் எந்தப் பிரிவைப் போய்க் கேட்பார்?

பதிவேடு கிடைக்காவிட்டால் மாற்று வழியை விதியே சொல்லியது. முதலில், ஆவணம் இல்லை என்று சம்பந்தப்பட்ட அதிகாரி ஒரு சான்று தர வேண்டும். வெறுமனே 'இல்லை' என்று எழுதினால் போதாது; எங்கெங்கே தேடினார்கள், ஏன் கிடைக்கவில்லை என்பதும் அதில் வேண்டும். அதன் பின் உடன் சிறையில் இருந்த இருவரின் சான்று. இந்த இடத்தில் சற்று நிற்போம், ஏனென்றால் ஏராளமான மனுக்கள் இங்கேதான் தட்டுக்கெட்டு நின்றன.

சான்று கொடுப்பவர் தாமே குறைந்தது ஓராண்டு சிறையில் இருந்ததை நிரூபித்தவராக இருக்க வேண்டும். மனுதாரர் இருந்த அதே சிறையில், அதே காலத்தில் இருந்திருக்க வேண்டும். அவர் நாடாளுமன்ற உறுப்பினராகவோ சட்டமன்ற உறுப்பினராகவோ இருந்தால், முன்னாள் ஆனாலும் சரி, இருவருக்குப் பதில் அந்த ஒருவர் சான்றே போதும். கேட்க எளிது. தேதி பொருந்த வேண்டுமே! மனுதாரர் கார்த்திகை தீபத்துக்கு முந்தின வாரம் உள்ளே போனேன் என்பார், தைப்பூசம் கழித்து வேறு சிறைக்கு மாற்றினார்கள் என்பார். படிவத்துக்கு நாள், மாதம், ஆண்டு வேண்டும். பஞ்சாங்கம் பார்த்து ஒரு தேதி எழுதுவார்கள். சான்று கொடுத்தவரின் சொந்தக் கோப்பில் அவர் விடுதலையான தேதி அதற்குப் பத்து நாள் முந்தியதாக இருந்தால், அப்புறம் யார் சொன்னாலும் எடுபடாது. மனு நிராகரிக்கப்பட்டது என்று டெல்லியிலிருந்து ஒரு வரிக் கடிதம் வந்துவிடும். அலிப்புரத்தில் பக்கத்துப் பாயில் படுத்திருந்தவர் தெலுங்கராக இருந்தால் அவரை எந்த ஊரில் போய்த் தேடுவது? பெயர் நினைவிருக்கும், முகம் நினைவிருக்கும், ஊர் நினைவிருக்காது.

சாட்சிகளுக்கும் வயதாயிற்று. மத்தியத் திட்டத்துக்கு மனுக் கொடுக்க முதலில் வைத்த கடைசி நாள் 1974 மார்ச் 31. காரைக்குடி காங்கிரசின் பழம்பெரும் தொண்டர் ராய. சொக்கலிங்கம் அந்த ஆண்டில்தான் மறைந்தார். 1980 திட்டத்துக்கு வைத்த கெடு நீண்டு நீண்டு 1982 மார்ச் 31இல் முடிந்தது. சின்ன அண்ணாமலை 1980இல், மணிவிழா நாளன்றே காலமாகிவிட்டார். கம்பன் அடிப்பொடி சா. கணேசன் மறைந்தது 1982. 1942 போராட்டத்தின் உள்விவரம் அறிந்தவர், 1962இல் காரைக்குடித் தொகுதியின் சட்டமன்ற உறுப்பினர் ஆனவர் அவர். இப்படிப்பட்ட ஒருவர் மறையும்போது அவர் நினைவை நம்பியிருந்த எத்தனை பேரின் சாட்சியமும் கூடப் போகிறது என்று நாம் கணக்குப் பார்ப்பதில்லை. தலைமறைவாக இருந்தவர்களுக்கு நிலைமை இன்னும் மோசம். அவர்களுக்குச் சான்று கொடுக்கும் மூத்த தியாகி ஐந்தாண்டு சிறை கண்டவராக இருக்க வேண்டும் என்றுதான் முதலில் விதி. பின்னர்தான் அது இரண்டாண்டாகத் தளர்ந்தது. ஐந்தாண்டு சிறை கண்டவர்கள் ஒரு வட்டாரத்தில் எத்தனை பேர் இருப்பார்கள்?

பைசா பைசாவாகக் கணக்கு எழுதிய நாடு இது. ரங்கூன் கடையின் ஐந்தொகை இங்கே பரணில் இருக்கும். கல்யாணத்தின் முறைச்சிட்டை நான்கு தலைமுறைக்கு இருக்கும். பக்கத்திலே கோட்டையூரில் ரோஜா முத்தையா துண்டுப் பிரசுரத்தையும் திருமண அழைப்பையும்கூட விடாமல் சேர்த்து வைத்தார். அவர் சேர்த்தது ஒரு நூலகமாகச் சென்னையில் இன்றும் நடக்கிறது. அப்படிப்பட்ட மண்ணில், நாட்டுக்காக அடிபட்டவன் கையில் ஒரு சீட்டு இல்லாமல் போனது எனக்கு ஆறாத வருத்தம். அந்தக் காலத்தில் போராட்டக்காரன் வீட்டில் காகிதம் இருப்பதே ஆபத்து. சோதனைக்குப் போலீஸ் வரும் என்று பெண்கள் கடிதங்களை அடுப்பில் போட்டார்கள். அந்த எச்சரிக்கையையும் நாம் தியாகத்தோடு சேர்த்துத்தான் எண்ண வேண்டும்.

கடல் கடந்தவர்களின் வழக்கு தனி. கொண்டுவிக்க, அதாவது கடல் கடந்து தொழில் செய்ய, போன செட்டியார்களோடு, மேலாளாகவும் அடுத்தாளாகவும் சமையல்காரராகவும் கடையில் எடுபிடி வேலை செய்யும் பெட்டியடிப் பையனாகவும் நம் ஊர்களின் எல்லாச் சாதிப் பிள்ளைகளும் பர்மாவுக்கும் மலேயாவுக்கும் போனார்கள். 1943 அக்டோபரில் சிங்கப்பூரில் நேதாஜி தற்காலிக அரசை அமைத்தபோது தோட்டத் தொழிலாளரும் கடைச் சிப்பந்திகளும் ஆயிரக்கணக்கில் இந்திய தேசிய ராணுவத்தில் (ஐ.என்.ஏ.) சேர்ந்தார்கள். கல்லலிலிருந்து போன ஒரு பெட்டியடிப் பையனை மனதில் வைத்துக்கொள்வோம். அவன் ரங்கூனில் சேர்ந்தான். 1945 ஏப்ரல் கடைசியில் நேதாஜி ரங்கூனை விட்டுப் புறப்பட்டார். எஞ்சிய படைக்கு நம் தமிழர் லோகநாதன் பொறுப்பேற்றார். மே மாதம் வெள்ளைக்காரன் நகரத்தைப் பிடித்ததும் ரங்கூன் மத்திய சிறைக்கு அனுப்பப்பட்டவர்களில் இவனும் ஒருவன். பிரிட்டிஷ் இந்தியப் படையிலிருந்து வந்து சேர்ந்த சிப்பாய்களுக்குப் பழைய படை எண் உண்டு, ரெஜிமெண்ட் ஆவணம் உண்டு. அவர்களை வெள்ளை, சாம்பல், கறுப்பு என்று தரம் பிரித்து விசாரித்த கோப்பும் உண்டு. நேரே கடையிலிருந்து போய்ச் சேர்ந்த இவனுக்கு எண்ணும் இல்லை, கோப்பும் இல்லை. சிறைப் பதிவேடு வேறு ஒரு நாட்டில். அந்த நாட்டோடு நமக்கிருந்த போக்குவரத்தும் 1962க்குப் பின் ராணுவ ஆட்சியில் சுருங்கிப்போனது. இவனுக்கு மிஞ்சிய வழி, கூட இருந்த இருவரைத் தேடிப் பிடிப்பதுதான்.

2020இல் சென்னை உயர் நீதிமன்றத்துக்கு வந்த வழக்கு இந்த வகைதான். ரங்கூன் சிறையில் இருந்த முன்னாள் ஐ.என்.ஏ. வீரர் ஒருவர், 99 வயது. மத்திய அரசின் ஓய்வூதியத்துக்கு மனுச் செய்து நெடுங்காலம் காத்திருந்தவர். இத்தனை காலம் அவரைக் காக்க வைத்ததை நீதிமன்றம் கடுமையாகக் கண்டித்தது.

அரசுத் தரப்பு நியாயத்தையும் சொல்லியாக வேண்டும். மகாராஷ்டிரத்தின் பீட் மாவட்டத்தில் போலித் தியாகிகள் நூற்றுக்கணக்கில் கிளம்பி, அது உச்ச நீதிமன்றம் வரை போய் விசாரணைக் குழு வைக்கும்படி ஆயிற்று. சிறைக்குப் போனபோது கைக்குழந்தையாக இருந்திருக்க வேண்டியவர்கள்கூடப் பட்டியலில் ஏறினால் எந்த அதிகாரிக்கும் கை நடுங்கத்தான் செய்யும். சான்று கொடுப்பதையே தொழிலாக்கிக்கொண்ட சில தியாகிகளும் இருந்தார்கள். போலியைத் தடுக்க வைத்த முள்வேலி உண்மையான ஆளைத்தான் அதிகம் கிழித்தது என்பது என் எண்ணம். ஏமாற்ற வந்தவனுக்குத் தேதியைப் பொருத்தி எழுதத் தெரியும். உண்மையாகச் சிறை இருந்த கிழவருக்குத் தேதி நினைவிருக்காது.

கதவைத் திறந்துவிட்டது உச்ச நீதிமன்றம். முகுந்த் லால் பண்டாரி வழக்கு, 1993. ஐதராபாத் நிஜாம் ஆட்சியை எதிர்த்து ஆரிய சமாஜம் நடத்திய போராட்டத்தில் கலந்துகொண்டவர்களின் வழக்கு அது. மனுக் கொடுக்கக் கெடு வைத்தது பொருந்தாது, எப்போது வந்தாலும் மனுவைப் பரிசீலிக்க வேண்டும், தகுதி இருந்தால் மனு வந்த நாளிலிருந்து பணம் தர வேண்டும் என்று நீதிமன்றம் சொன்னது. எட்டாண்டு கழித்து, 2001இல், குர்தியால் சிங் வழக்கு. கிரிமினல் வழக்கில் குற்றத்தை நிரூபிப்பது போலச் சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்கச் சொல்லக் கூடாது, இப்படி நடந்திருக்க வாய்ப்பு அதிகம் என்று தெரிந்தால் போதும் என்பது அதன் சாரம். இந்தத் தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டுதான் தமிழ்நாட்டுத் தியாகிகள் பலர் பின்னாளில் நீதிமன்றப் படியேறினார்கள். 1974இல் இந்தக் கண்ணோட்டம் இருந்திருந்தால், அப்போது உயிரோடிருந்த சாட்சிகளைக் கொண்டு நம் வட்டாரத்தில் எத்தனை பேர் தேறியிருப்பார்கள்!

மாநில அரசின் ஓய்வூதியம் வேறு. தமிழ்நாடு அரசு தன் தியாகிகளுக்குத் தனியாகத் தருகிறது. 2024 சுதந்திர தின அறிவிப்பில் அது மாதம் 21,000 ரூபாய் ஆயிற்று, குடும்ப ஓய்வூதியம் 11,500 ஆயிற்று. மாநிலத்தில் வாங்குகிறவருக்கு மத்தியில் தானாகக் கிடைத்துவிடாது. அங்கே வேறு படிவம், வேறு சோதனை. மாநில அரசு ஒருவரைத் தியாகி என்று ஏற்றுக்கொண்டு பணமும் கொடுக்கிறது, டெல்லி அதே ஆளிடம் ஆதாரம் போதாது என்கிறது. இரண்டும் ஒரே கொடிக்குக் கீழ் இருக்கும் அரசுகள்தானே என்று ஒரு முதியவர் கேட்டால் என்ன பதில் சொல்வது?

இன்று தியாகிகளில் உயிரோடிருப்பவர்கள் மிகச் சிலரே. இப்போது சான்று தேடி அலைகிறவர்கள் அவர்களுடைய விதவைகளும் மகள்களும். மத்தியத் திட்டத்தில் கணவனுக்குப் பின் மனைவிக்கும், அவருக்குப் பின் மணமாகாத, வேலையில்லாத மகள்களுக்கும் உரிமை உண்டு. ஆண்டுக்கு ஒருமுறை உயிரோடிருக்கிறேன் என்று சான்று கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். தகப்பன் சிறைக்குப் போன ஊர்கூடத் தெரியாத அறுபது வயதுப் பெண்ணிடம் சேர்க்கைப் பதிவேட்டின் நகல் எங்கே என்று கேட்பதில் அர்த்தமில்லை. தேட வேண்டியது அரசு. எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் உள்துறையின் ரகசியக் கோப்புகள் இருக்கின்றன. 1973இல் தமிழக அரசே தொகுத்து வெளியிட்ட தியாகிகள் பெயர்ப் பட்டியல் இருக்கிறது. மதுரை, வேலூர், கண்ணூர், அலிப்புரம் சிறைகளின் பதிவேடுகளில் கறையான் மிச்சம் வைத்ததையாவது படம் பிடித்து, ஊர்வாரியாகப் பெயர்களை எல்லோரும் பார்க்கும்படி வைத்தால், மனுக் கொடுக்காமலே செத்துப்போன எத்தனையோ பேரின் பெயர் நம் ஊர்களுக்குத் திரும்பக் கிடைக்கும். இதை நான் பணத்துக்காகச் சொல்லவில்லை. பேரன் பேத்திகளுக்குத் தெரிய வேண்டும்.

அதே சிவகங்கை மண்ணில் இன்னொரு வகை ஓய்வூதியமும் நடக்கிறது. 1801 அக்டோபர் 24 அன்று திருப்பத்தூரில் தூக்கிலிடப்பட்ட மருது சகோதரர்களின் வழித்தோன்றல்களுக்குத் தமிழக அரசு மாதந்தோறும் சிறப்பு ஓய்வூதியம் தருகிறது. கட்டபொம்மன், முத்துராமலிங்க விஜயரகுநாத சேதுபதி, வ.உ.சி. ஆகியோரின் வழிவந்தவர்களுக்கும் உண்டு. 2024இல் அது 10,500 ரூபாய் ஆயிற்று. இங்கே கேள்வி சிறைவாசம் பற்றியது அல்ல, வம்சம் பற்றியது. இருநூறு ஆண்டுக்கு முந்தைய ஒரு பெயரோடு தன்னை இணைத்துக் காட்ட ஒரு குடும்பம் எதையெல்லாம் கொண்டு வர வேண்டும்? வீட்டு ஆண்களைத் தூக்கிலிட்டு, மிஞ்சிய சின்ன மருதுவின் மகன் துரைசாமியை எழுபதுக்கும் மேற்பட்டவர்களோடு பினாங்குத் தீவுக்குக் கப்பலேற்றிய பிறகு, கொடிவழி எப்படிப் பிழைத்தது? அந்தக் கப்பலையும் அதில் போனவர்களையும் அடுத்த இதழில் பின்தொடர்வோம்.